லிப்டு வருது

யாராவது வாய்க்கு வந்தபடி அளந்துகொண்டே போனால், எதிரில் இருப்பவர் ஓர் அடி தள்ளி நின்று “லிப்டு வருது” என்கிறார் அல்லவா, அந்தச் சொல்லைப் பற்றித்தான் சொல்ல வந்தேன். பஸ் கண்டக்டர் சொல்கிறார், பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் சொல்கிறார்கள், புருஷன் நகை வாங்கித் தருகிறேன் என்றால் பெண்டாட்டி சொல்கிறாள். அதன் பொருளையும் பிறப்பையும் ஆராய்ந்த பேராசிரியர் ஒருவர், அந்தக் காலத்தில் கோட்டை மதில்மேல் கயிறு கட்டி மூட்டை ஏற்றியவர்கள் கீழே நிற்பவர்களை எச்சரிக்கச் சொன்னது என்று முதலில் எழுதினார். மூட்டையும் இல்லை, மண்ணாங்கட்டியும் இல்லை. அந்தச் சொல் எங்கள் வீட்டு ஜன்னலில் பிறந்தது. அதைச் சொன்னவள் என் வீட்டுக்காரி. கீழே நின்று இந்த இரண்டு காதாலும் கேட்டவன் நான். பேராசிரியரும் பிற்பாடு திருத்திக்கொண்டார். அவரைத் திருத்தியது யார் என்று கேட்டால் சிரிப்பீர்கள்.

நான் முடிவெட்டுகிறவன். வாரியக் குடியிருப்பின் தரைத்தளத்தில் என் சலூன். ஒட்டினாற்போல் என் வீட்டுக்காரியின் ஜெராக்ஸ் கடை. வீடு அதே கட்டடத்தில் ஏழாவது மாடி. தெருவுக்கு அந்தப் பக்கம் குடியிருப்புப் பராமரிப்பு வாரியத்தின் அலுவலகம். வாரியத்தில் எந்தப் புகார் கொடுத்தாலும் மூன்று பிரதி கேட்பார்கள். குழாய் ஒழுகுகிறவர்கள், சாக்கடை அடைத்துக்கொண்டவர்கள், கூரை பெயர்ந்து விழுந்தவர்கள் எல்லாரும் முதலில் அவள் கடைக்கு வந்துவிட்டுத்தான் எதிர்ப்பக்கம் போவார்கள். யார் வீட்டில் என்ன உடைந்திருக்கிறது என்பது அவளுக்கு அத்துப்படி.

ஒரு நாள் அவள் கடை வாசலில் வழுக்கி விழுந்து இடுப்பை முறித்துக்கொண்டாள். ஆஸ்பத்திரியில் கம்பி வைத்து, சமதரையில் தடி ஊன்றி நடக்கலாம், படி மட்டும் கூடவே கூடாது என்று சொல்லி அனுப்பினார்கள். லிப்டில்தான் மேலே போனோம். எங்களை இறக்கிவிட்டுக் கீழே போன லிப்ட் அங்கேயே படுத்துக்கொண்டது. மறுமுறை டாக்டரிடம் காட்டுவதற்கு அவளை நாற்காலியோடு நாலு பேர் தூக்கி இறக்கினோம். பாதி வழியில் ஒருத்தன் தும்மினான். நாற்காலி சாய்ந்து, அவள் படிக்கட்டுக் கம்பியைப் பிடித்துத் தொங்கி, பிழைத்தது மறுபிழைப்பு. அதே வேகத்தில் எங்களை மேலே திரும்பச் சொல்லிவிட்டாள்.

“இனிமே என்னை பீரோ மாதிரி தூக்கினீங்கன்னா கையைக் கடிச்சுடுவேன்,” என்றாள். “எனக்கு ஒண்ணும் ஊர் சுத்தணும்னு ஆசை இல்ல. கீழ போகணும், என் கடை ஷட்டரைத் தூக்கணும், அவ்வளவுதான். லிப்டு வரட்டும், இறங்கறேன்.”

அன்றிலிருந்து ஜன்னலோரம் நாற்காலியைப் போட்டு உட்கார்ந்தாள். அங்கிருந்து பார்த்தால் கடையின் தகரக் கூரை மட்டும் தெரியும். அதையே பார்த்துக்கொண்டிருப்பாள். நான் ஜெராக்ஸ் மிஷினை ஓட்டிப் பார்த்தேன். காகிதத்தை மென்று துப்பியது. கடையைப் பூட்டிவிட்டு வாரியத்துக்குப் போனேன்.

குமாஸ்தா என் புகாரைப் படித்து முகம் சுளித்தார். “லிப்ட் ஓடலைன்னு எழுதக் கூடாது. ‘ஓய்வில் உள்ளது’ன்னு எழுதுங்க.”

“சார், ஓய்வுல இருக்கறது என் பொண்டாட்டி.”

“அதை வேற புகாரா குடுங்க. மூணு பிரதி எங்க?”

“ஜெராக்ஸ் கடைக்காரிதான் சார் மேல மாட்டிக்கிட்டா.”

“அப்படியா? சரி, அவங்க இறங்கி வந்து கடையைத் திறந்ததும் பிரதி எடுத்துட்டு வாங்க.”

இதைச் சொல்லும்போது அந்த மனுஷன் சிரிக்கவில்லை. கேலி செய்திருந்தால்கூட மனசு ஆறியிருக்கும். வீட்டுக்கு வந்து மூன்று பிரதியையும் கையாலேயே எழுதி, விரல் வீங்கிப் போய்க் கொடுத்தேன்.

வாரியத்தில் ஒரு வழக்கம் உண்டு. தலைவர் உரையாற்றாமல் எந்த வேலையும் தொடங்கக் கூடாது. உரையாற்றி முடித்தால் வேலையில் பாதி முடிந்ததாகக் கணக்கு. யார் காலத்து விதியோ தெரியாது. ஆனால் அதை மட்டும் அவர்கள் ஒரு நாளும் மீறியதில்லை. எங்கள் கட்டட முற்றத்தில் சிவப்புக் கம்பளம் விரித்து, மைக் கட்டி, ஏழாவது மாடிக்கும் கேட்கும்படி ஒலிபெருக்கி வைத்து, மேஜையில் பூச்சாடி வைத்தார்கள். தலைவர் வந்தார். உருண்டையான மனிதர், குரல் மட்டும் நல்ல கம்பீரம்.

“அன்பார்ந்த குடியிருப்பாளர்களே! லிப்ட் என்பது என்ன? ஏறுவதும் இறங்குவதும். வாழ்க்கையும் அதுதானே? நான் இந்தப் பதவிக்கு ஏறினேன். இதுவரை இறங்கவில்லை. லிப்ட் இறங்கியது, அது ஏறவில்லை. இரண்டிலும் உறுதியைப் பாருங்கள்! பழுது என்று ஒன்று வெளியே இல்லை நண்பர்களே, பார்க்கிற மனதில்தான் இருக்கிறது.”

வாரிய ஊழியர்கள் கைதட்டினார்கள். மூடிக் கிடந்த லிப்ட் கதவுக்கு முன்னால் வரிசையாக நின்று போட்டோ எடுத்துக்கொண்டார்கள். கம்பளத்தைச் சுருட்டினார்கள், போனார்கள். மேலே போய்ப் பார்த்தால் என் வீட்டுக்காரி வெளியே போகிற உடுப்போடு, தலை வாரி, தடியை மடியில் வைத்துக்கொண்டு தயாராக உட்கார்ந்திருக்கிறாள். பாவி, நிஜமாகவே நம்பியிருக்கிறாள்.

சில நாள் கழித்து மறுபடியும் குமாஸ்தாவிடம் போனேன். “பாதி முடிஞ்சாச்சு,” என்றார்.

“எந்தப் பாதி சார்?”

“உரை. மீதிப் பாதிக்கு ஏற்பாடு நடக்குது.”

மீதிப் பாதி என்னவென்று பார்த்தால் இன்னொரு உரை. அதே கம்பளம், அதே பூச்சாடி. இந்த முறை பூ மட்டும் வாடியிருந்தது. தலைவர் மேடு பள்ளம் பற்றியும், பள்ளத்தில்தான் தண்ணீர் தேங்குகிறது, ஆகவே பள்ளத்தில் இருப்பதே லாபம் என்பது பற்றியும் பேசினார். மறுநாள் லிப்ட் கதவில் ஓர் அறிவிப்பு ஒட்டப்பட்டது: “இந்த லிப்ட் இயங்குகிறது.” அதைப் படித்துவிட்டு எல்லாரும் படியேறிப் போனார்கள். நான் ஓடினேன்.

“ஓடாத லிப்ட்ல ஓடுதுன்னு ஒட்டியிருக்கீங்களே?”

“முதல் உரை பாதி, ரெண்டாவது உரை பாதி. ரெண்டு பாதி சேர்ந்தா முழுசு. வேலை முடிஞ்சாச்சு,” என்றார் குமாஸ்தா. “இனிமே அதுல யாரும் கை வைக்க முடியாது. நல்லா இருக்கற லிப்டை ரிப்பேர் பண்ணினா தணிக்கையில கேள்வி வரும்.”

இதோடு முடிந்ததா? ஜெராக்ஸ் கடை மூடிக் கிடந்ததால் யாரும் புகார் கொடுக்கவில்லை அல்லவா, அதை வாரியம் எப்படிப் பார்த்தது தெரியுமா? புகார்கள் அறவே குறைந்துவிட்டன, மக்கள் மகிழ்ச்சியில் இருக்கிறார்கள் என்று மேலிடத்துக்கு எழுதியது. மேலிடம் விருது அறிவித்தது. என் பெண்டாட்டி இடுப்பு முறிந்ததற்கு அவர்களுக்கு விருது. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

விருது விழாவுக்கு முதல் நாள் சாயங்காலம் வாரியத்தின் செயலர் என் சலூனுக்கு வந்தார். அன்றைக்கு மற்ற சலூன்களுக்கெல்லாம் வார விடுமுறை. “நாளைக்கு போட்டோ எடுப்பாங்க. நல்லா வெட்டிவிடு,” என்று சாய்ந்துகொண்டார். துணியைப் போர்த்தினேன். வலது பக்கத்தை என் தொழில் வாழ்க்கையிலேயே காணாத அழகோடு வெட்டினேன். பிறகு கத்தரியை வைத்துவிட்டு, கண்ணாடிக்கு முன்னால் நின்று தொண்டையைச் செருமினேன்.

“அன்பார்ந்த செயலர் அவர்களே! முடி என்பது என்ன? வளர்வதும் வெட்டுவதும். இடது பக்கம், வலது பக்கம் என்று பிரித்துப் பார்க்கிற மனப்பான்மையை நாம் கைவிட வேண்டும்.”

“என்னய்யா பண்ற?”

“உரை சார்.” சீப்பை மைக்காகப் பிடித்து இன்னும் கொஞ்சம் பேசிவிட்டுத் துணியை உதறி எடுத்தேன். “முடிஞ்சுது சார்.”

“இந்தப் பக்கம்?”

“வெட்டினது பாதி, உரை பாதி. ரெண்டு பாதி சேர்ந்தா முழுசு. முடிஞ்ச தலையில இனிமே கை வெச்சா தணிக்கையில கேள்வி வரும். உங்க குமாஸ்தாவைக் கேட்டுப் பாருங்க.”

அவர் கத்தியதை எழுத முடியாது. காசு கொடுக்காமல் போனார். நான் மேலே போய் என் வீட்டுக்காரியிடம் சொன்னதும், இடுப்பு வலிக்க வலிக்கச் சிரித்தாள். “பாத்துக்கிட்டே இருங்க, உங்களைச் சும்மா விடமாட்டாங்க,” என்றாள். பிறகு, “அந்தத் தலைவரை என்கிட்ட விட்டுடுங்க,” என்றாள்.

மறுநாள் விழாவுக்குச் செயலர் காதுவரை இழுத்துவிட்ட குல்லாயோடு வந்தார். மேலிடத்து அதிகாரி விருதைக் கையில் வைத்துக்கொண்டு, “சீர் செய்த லிப்டைப் பார்த்துவிடலாமே,” என்று பொத்தானை அமுக்கினார். ஒன்றும் நடக்கவில்லை. மறுபடியும் அமுக்கினார். முற்றம் முழுக்க நாங்கள் நின்று வேடிக்கை பார்க்கிறோம். தலைவர் சட்டென்று மைக்கைப் பிடித்தார்.

“லிப்ட் புறப்பட்டுவிட்டது! வழியில் இருக்கிறது! இந்த நிமிடம்கூட அது நம்மை நோக்கி வந்துகொண்டே இருக்கிறது!”

மேலே ஜன்னலிலிருந்து என் வீட்டுக்காரியின் குரல் இறங்கியது. “எல்லாரும் தள்ளி நில்லுங்க! லிப்டு வருது!”

கூட்டம் முழுக்கப் பயபக்தியோடு ஓர் அடி பின்னால் நகர்ந்தது. அதைவிட, குரல் வந்த வேகத்தில் தலைவரே திடுக்கிட்டு ஓர் அடி நகர்ந்துவிட்டார். அவ்வளவுதான். முற்றம் வெடித்தது. சிரித்துச் சிரித்துச் சிலர் கம்பளத்தில் உட்கார்ந்துவிட்டார்கள். மேலிடத்து அதிகாரி விருதைத் திரும்பப் பெட்டிக்குள் வைத்ததை நான் பார்த்தேன்.

மறுநாள் என் சலூனில் ஒருத்தன் அடுத்த மாதம் கார் வாங்கப் போவதாக அளந்தான். முகத்தில் சோப்போடு இருந்தவன் “லிப்டு வருது” என்றான். சலூனில் விழுந்த சொல் எங்கேதான் போகாது? மார்க்கெட்டுக்குப் போனது, பஸ்ஸில் ஏறியது. தலைவர் எங்கே பேசப் போனாலும் “அன்பார்ந்த” என்று ஆரம்பித்த உடனே ஜனங்கள் ஓர் அடி தள்ளி நின்றார்கள். அவர் வீட்டில் சமையற்கார அம்மாகூடத் தள்ளி நின்றதாகக் கேள்வி.

வாரியம் ‘சொல்வழக்கு விசாரணைக் குழு’ என்று ஒன்றை அமைத்தது. அனுமதியில்லாமல் புதுச் சொல் உண்டாக்கி வாரியத்தின் மாண்பைக் குலைத்தது குற்றம். அந்தச் சொல்லுக்குப் பொருள் என்ன, பிறப்பு எது என்று சொல்லப் பேராசிரியரை வரவழைத்தார்கள். முதல் அமர்வில் என்னையும் கூப்பிட்டிருந்தார்கள். முடிந்த தலையில் வேறு யாரும் கை வைக்கவில்லையோ என்னவோ, இன்னும் கழற்றாத குல்லாயைச் சரிசெய்துகொண்டு செயலர் எழுந்தார்.

“ஜனங்களுக்கு நாம என்ன குறை வெச்சோம்? வாய்ச்சவடால் இருக்கு, வாய்ப்பந்தல் இருக்கு, கயிறு திரிக்கறது இருக்கு, காதுல பூ சுத்தறது இருக்கு, ரீல் விடறது இருக்கு. இவ்வளவையும் இலவசமா அனுபவிச்சுட்டு இன்னொண்ணு எதுக்கு?”

பேராசிரியர் கோட்டையையும் மூட்டையையும் பற்றிப் படித்தார். தலைவருக்கு முகம் மலர்ந்தது. “அப்படியானால் இது என்னைக் குறிக்கவில்லை!” என்றார். செயலர் விடவில்லை. ஒரு பக்கம் மட்டும் வெட்டிய தலையோடு நின்ற வலி அவருக்குத்தானே தெரியும்? “சொன்னவ ஏழாவது மாடியில இருக்கா. நேர்ல ஆஜராகி, பொருள் என்னன்னு அவளே சொல்லணும். தண்டனையா அவ கடை உரிமத்தை ரத்து பண்ணணும்,” என்றார். அவள் உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு காத்திருப்பதே அந்தக் கடைக்காகத்தான்.

பியூன் படியேறி ஓலையைக் கொடுத்துவிட்டு, மூச்சு வாங்க இறங்கி வந்தான். “வராங்களாம். லிப்டு வரணுமாம்.”

குழு மேலே போகலாமா என்று ஒருவர் கேட்டார். குமாஸ்தா பதறிவிட்டார். லிப்ட் ஓடுகிறது என்று வாரியமே ஒட்டியிருக்கும் கட்டடத்தில் அதிகாரிகள் படியேறினால், லிப்ட் ஓடவில்லை என்று வாரியமே ஒப்புக்கொண்டதாகும். ஏறவும் முடியாது, இறக்கவும் முடியாது. ரிப்பேர் செய்யலாம் என்றால் நல்ல லிப்டை ரிப்பேர் செய்யக் கூடாது. நெடுநேரம் மண்டையை உடைத்துக்கொண்டு கடைசியில் ஒரு பெயர் கண்டுபிடித்தார்கள்: ‘குற்றம் சாட்டப்பட்டவரைக் கீழே கொணரும் அவசர ஏற்பாடு’. அது ரிப்பேர் இல்லை என்பதால் அதற்கு உரையும் தேவையில்லை.

உரை இல்லாததால் மெக்கானிக் நேராக வந்தான். கதவைத் திறந்தான், உள்ளே எட்டிப் பார்த்தான். “சுவிட்ச்ல ஒரு ஒயர் விட்டிருக்கு,” என்றான். மாட்டினான். பொத்தானை அமுக்கினான். லிப்ட் ஏறியது. “இதுக்கா இத்தனை நாள்?” என்று என்னைக் கேட்டான். லிப்டை மறுபடியும் கீழே வரவழைத்து, வீட்டுக்காரியைக் கூப்பிட மேலே போனேன்.

என் வீட்டுக்காரி நல்ல உடுப்பை எடுத்து உடுத்திக்கொண்டு தடியோடு வந்தாள். லிப்டுக்குள் கதவு மூடியதும் என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். நானும்தான். கதவு திறந்ததும் கண்ணைத் துடைத்துவிட்டு, நேராகக் கடைக்கு நடந்தாள்.

“விசாரணை எதிர்ப்பக்கம்,” என்றேன்.

“அது எங்க ஓடிடப் போகுது? நீங்க முன்னால போங்க. ஷட்டரைத் தூக்கிட்டு வரேன்.”

வாரியத்தின் மன்றத்தில் எள் போட்டால் எள் விழாத கூட்டம். கட்டடத்து ஜனம் முழுக்க அங்கே இருந்தது. மேடையில் தலைவர், செயலர், பேராசிரியர், குறிப்பெடுக்கக் குமாஸ்தா. குற்றவாளிக்கு ஒரு நாற்காலி காலியாக இருந்தது. கொஞ்ச நேரம் பார்த்துவிட்டுப் பியூனை அனுப்பினார்கள். அவன் ஓடிப்போய் ஓடிவந்தான்.

“புறப்பட்டுட்டாங்களாம்.”

குமாஸ்தா எழுதிக்கொண்டார். மறுபடியும் காத்திருந்தார்கள். நாற்காலி காலியாகவே இருந்தது. செயலருக்குக் குல்லாய்க்குள் வியர்த்தது. மறுபடியும் பியூன் போனான், வந்தான்.

“இப்பவும் புறப்பட்டுட்டாங்களாம். வழியில இருக்காங்களாம்.”

கூட்டத்தில் சலசலப்பு. சும்மா இருக்கத் தெரிந்தவராக இருந்தால் தலைவர் தப்பியிருப்பார். மைக்கைப் பார்த்ததும் அவர் கை தானாகவே போனது.

“அமைதி, அமைதி! அவர் புறப்பட்டுவிட்டார்! வழியில் இருக்கிறார்! நம்மை நோக்கி வந்துகொண்டே இருக்கிறார்!”

மன்றம் முழுக்க நாற்காலிகள் கிறீச்சிட்டன. அத்தனை பேரும் எழுந்து ஓர் அடி தள்ளி நின்று, ஒரே குரலில் சொன்னோம்: “லிப்டு வருது!”

அந்தச் சத்தம் அடங்க வெகுநேரம் ஆனது. அடங்கியதும் பேராசிரியர் தன் கட்டுரையை மூடிவைத்துவிட்டு, பள்ளிக்கூடப் பையன் மாதிரிக் கையைத் தூக்கினார்.

“தலைவர் அவர்களே, பொருள் எனக்கு விளங்கிவிட்டது. கோட்டையை எடுத்துவிடுகிறேன்.”

“அவளைக் கூட்டிட்டு வாங்க! உரிமத்தை ரத்து பண்ணுங்க!” என்று செயலர் கத்தினார்.

குமாஸ்தா நிமிராமலே சொன்னார். “தேவையில்ல சார். ஒரு தடவை புறப்பட்டது பாதி. மறுபடியும் புறப்பட்டது பாதி. ரெண்டு பாதி சேர்ந்தா முழுசு. அவங்க ஆஜராகி, பொருளும் தெரிஞ்சு, விசாரணை முடிஞ்சாச்சு. முடிஞ்ச விசாரணையில இனிமே யாரும் கை வைக்க முடியாது.”

அந்த மனுஷனை நான் எத்தனையோ நாள் மனசுக்குள் சபித்திருக்கிறேன். அன்றைக்கு அவருக்கு இலவசமாக முடிவெட்டினேன், இரண்டு பக்கமும்.

அதற்குப் பிறகு தலைவரால் எங்கேயும் வாயைத் திறக்க முடியவில்லை. எந்த வேலைக்கும் ‘அவசர ஏற்பாடு’ என்று பெயர் வைத்து உரையில்லாமலே தொடங்கும்படி ஆயிற்று. குழாய்கள் ஒழுகுவது நின்றது. உரையில்லாத வாரியத்துக்குத் தலைவர் எதற்கு என்று மேலிடத்துக்கே ஒரு நாள் தோன்றியது. அவரை வீட்டுக்கு அனுப்பினார்கள். வாரியக் குடியிருப்பிலேயே பின்பக்கக் கட்டடத்தில் ஒரு வீடு கொடுத்தார்கள். அந்த வீட்டுச் சாக்கடை அடைத்துக்கொண்டது.

போன வாரம் ஜெராக்ஸ் கடையில் ஒரே கூட்டம். நான் சலூன் வாசலில் நின்று பார்க்கிறேன், வரிசையில் அவர் நிற்கிறார். கையில் புகார். அவர் முறை வந்தது.

“மூணு பிரதி,” என்றார், மெல்ல.

என் வீட்டுக்காரி புகாரை வாங்கி, முதலிலிருந்து கடைசிவரை நிதானமாகப் படித்தாள். மிஷின்மேல் வைத்துவிட்டு, பின்னால் நின்றவரின் காகிதத்தைக் கை நீட்டி வாங்கி, அதற்கு முதலில் பிரதி எடுத்தாள். அடுத்தவருக்கும் எடுத்தாள். அதற்கடுத்தவருக்கும்.

“அம்மா, என்னுடையது?”

“வந்துட்டே இருக்கு சார்,” என்றாள்.

அவர் பழக்கதோஷத்தில் ஓர் அடி தள்ளி நின்றார்.